மாலபேயிலிருந்து இரத்மலானைக்கு

இடமாற்றம் என்னுஞ் சொல் ஆசிரியர்களாகிய நமக்கு நன்கு பழகியது. மேலிடத்துக் கடிதமொன்று வரும். பெட்டி படுக்கையைக் கட்டிக்கொண்டு புறப்படுவோம். ஆயின், மாணாக்கர் கூட்டமொன்று கல்லூரி விட்டுக் கல்லூரி மாற்றப்படுதல் நம் நாட்டில் அரிது. இந்தியாவிலே, மருத்துவக் கல்லூரியொன்று அங்கீகாரம் இழந்தவிடத்து, அதன் மாணாக்கரைப் பிற கல்லூரிகளிற் சேர்க்குமாறு நீதிமன்றங்கள் பணித்ததுண்டு. நம்நாட்டில் அக்காரியத்தைப் பாராளுமன்றமே செய்தது. ‘சைட்டம்’ என ஊரெல்லாம் வழங்கிய மாலபே தனியார் மருத்துவக் கல்லூரியின் வழக்கையே ஈண்டுக் கருதுகின்றேன். ஆரவாரம் அடங்கிய இக்காலத்திலே அதனை நிதானமாக நோக்கலாம்.

அக்கல்லூரி பட்டமளிக்கும் உரிமையை 2011 ஆம் ஆண்டு வர்த்தமானி அறிவித்தலாற் பெற்றது. மாணாக்கரோ அதற்கு முன்னரே சேர்க்கப்பட்டுவிட்டனர். தொல்லையெல்லாம் இம்முறை பிறழ்விலிருந்தே தொடங்கின என்பது என் துணிபு. முதலணியினர் கற்று முடித்து வெளிவந்தபோது, அவர்களைப் பதிவுசெய்ய இலங்கை மருத்துவ சபை மறுத்தது. நோயாளர் படுக்கையருகே நின்று பெறவேண்டிய பயிற்சி போதாது என்பது சபையின் குறை. அக்குறையை வெறும் பொறாமையென்று தள்ளிவிடுதல் நேர்மையாகாது. நூலை மனனஞ் செய்து இலக்கணம் வல்லவனாகலாம். நாடி பிடித்துப் பாராமல் வைத்தியனாதல் இயலாது. கடந்த நூற்றாண்டுக்கு முந்திய நூற்றாண்டிலே மானிப்பாயில் தமிழ்மொழியிலேயே மருத்துவம் போதித்த கிறீன் வைத்தியரும் மாணாக்கரை நோயாளரிடம் அழைத்துச் சென்றே கற்பித்தார்.

பட்டதாரி ஒருவர் நீதி வேண்டி வழக்கிட்டார். 2017 ஜனவரி 31 ஆம் நாள் மேன்முறையீட்டு நீதிமன்றம் அவர் சார்பிலே தீர்ப்பளித்தது. சட்டப்படி பட்டமளிக்கும் உரிமை பெற்ற நிறுவனத்தின் பட்டதாரியைச் சபை பதியாது விடலாகாது என்பது அதன் சாரம். 2018 செப்தெம்பரில் உயர் நீதிமன்றமும் அதனையே உறுதிப்படுத்தியது.

இத்தீர்ப்பை வாசிக்கும்போது ஒன்றை மறத்தலாகாது. நீதிமன்றத்தின் முன் வைக்கப்பட்ட வினா பதிவைப் பற்றியது. பயிற்சி போதுமோ போதாதோ என்பதை நீதியரசர் அளந்து சொல்லவில்லை. அஃது அவர்தம் தொழிலுமன்று. பட்டம் பெற்றோருக்கு வழி திறந்தது. இடைநடுவில் இரண்டாம், மூன்றாம் ஆண்டுகளிலே நின்றோருக்கு அத்தீர்ப்பாற் பயனென்ன? 2017 ஆம் ஆண்டு முழுதும் வைத்தியர்களின் வேலைநிறுத்தமும் ஊர்வலமுமாகக் கழிந்தது. அரச மருத்துவ பீட மாணாக்கரும் மாதக்கணக்கில் விரிவுரைகளைப் பகிஷ்கரித்தனர். ஈற்றில் கல்லூரியையே கலைத்துவிட அரசாங்கம் இணங்கியது. 2018 இலே பாராளுமன்றம் சிறப்பேற்பாட்டுச் சட்டமொன்றை இயற்றி, எஞ்சிய மாணாக்கரை இரத்மலானையிலுள்ள கொத்தலாவல பாதுகாப்புப் பல்கலைக்கழகத்தில் ஏற்க வழிசெய்தது. உயர் நீதிமன்றத்தின் முடிந்த முடிபு வருமுன்னரே இஃது நிகழ்ந்தது.

படையினரைப் பயிற்றுதற்கென 1981 ஆம் ஆண்டுச் சட்டத்தால் அமைந்து, பாதுகாப்பு அமைச்சின் கீழ் இயங்கும் நிறுவனம் அது. தனியார் கல்லூரியில் எழுந்த சிக்கலைத் தீர்க்கப் படைக் கலாசாலையை நாடியமை வியப்புத்தான். எனினும் அப்பிள்ளைகளை நடுத்தெருவில் விடாதது நன்றேயாம். வர்த்தமானியை நம்பிப் பணங்கட்டிய பெற்றோர் மீது என்ன குற்றம்? அரச முத்திரையை நம்புதல் குற்றமாயின் நாட்டில் எதனை நம்புவது?

மறுபுறத்தையும் ஓர் ஆசிரியன் பாராதிருத்தல் இயலாது. பல்கலைக்கழக இடங்களில் நூற்றுக்கு 40 திறமையாலும், 55 மாவட்ட அடிப்படையாலும், 5 பின்தங்கிய மாவட்டங்களுக்குமாகப் பகிரப்படுகின்றன. இசட் புள்ளியின் தசமத் தானத்தில் ஒரு சிறு எண் குறைந்ததால் மருத்துவபீடம் இழந்த மாணவி நம் வகுப்புக்கள் தோறும் உண்டு. அவள் மும்முறை பரீட்சை எழுதி, மனந்தளர்ந்து, வேறு துறை நாடுகின்றாள். கட்டணம் செலுத்தியவர் வேறு வாயிலால் நுழைந்ததைக் கண்டு அவள் மனங்கொதிப்பின் அதனை எவ்வாறு கடிவது? கன்னங்கரா தந்த இலவசக் கல்வியின் மீது அவளுக்குள்ள நம்பிக்கையும் ஒரு முத்திரைதானே!

தனியார் மருத்துவக் கல்வி வேண்டுமா வேண்டாமா என்பது நெடிய வாதம். வேண்டுமென்போர் போதனா வைத்தியசாலையை முதலிற் காட்டுக. அதனை மருத்துவ சபை பார்வையிட்டு ஒப்புக. அதன்பின்னன்றோ விண்ணப்பப் பத்திரம் அச்சிடப்படல் வேண்டும்.

இவ்வளவுக்கும் முன்மாதிரி ஒன்று நம்மிடமே இருந்தது. 1980 களின் தொடக்கத்தில் றாகமையில் எழுந்த வடகொழும்புத் தனியார் மருத்துவக் கல்லூரியும் இத்தகைய எதிர்ப்புக்கே ஆளாயிற்று. 1989 இலே அரசாங்கம் அதனைக் கையேற்றது. 1991 இல் களனிப் பல்கலைக்கழகத்தின் மருத்துவ பீடம் அவ்விடத்தே தோன்றியது. அங்கே பெயர்ப்பலகை மாறிற்று. மாணாக்கர் இடம் பெயரவில்லை. மாலபேயிலோ வைத்தியசாலையை அரசாங்கம் எடுத்துக்கொண்டது. மாணாக்கர் இரத்மலானைக்குப் புறப்பட்டனர்.