பேசக் காத்திருந்த கலைஞர்



1927-இல் அமெரிக்காவில் வெளிவந்த 'தி ஜாஸ் சிங்கர்' படத்தோடு திரை பேசத் தொடங்கியது. சில ஆண்டுகளுக்குள் மௌனப் படங்களின் காலம் ஏறக்குறைய முடிந்துபோயிற்று. பேச வாய்ப்புக் கிடைத்ததும் திரையெங்கும் பேச்சே பெருகிற்று. அந்நாள்களில் டென்மார்க் நாட்டு இயக்குநர் கார்ல் தியோடர் டிரையர் நடந்த பாதையை இவ்வாரம் உங்களோடு சேர்ந்து சிந்திக்க விரும்புகிறேன்.

அவர் பிரான்சில் எடுத்து 1928-இல் வெளிவந்த 'ஜோன் ஆஃப் ஆர்க்கின் பாடுகள்' ஒரு மௌனப் படம். 1431-ஆம் ஆண்டு நடந்த விசாரணையின் பதிவுகளே அதற்கு ஆதாரம். நீதி விசாரிக்க அமர்ந்த குருமார் கேள்விமேல் கேள்வி தொடுக்கிறார்கள். ஃபால்கொனெட்டி என்னும் நடிகையின் ஒப்பனையற்ற முகம் திரையை நிறைக்கிறது. ஜோனின் குரலை நாம் ஒருமுறைகூடக் கேட்பதில்லை; ஆயினும் அவள் வேதனை நம்மை எட்டுகிறது.

ஒலியோடு அவர் எடுத்த முதல் படம் 1932-இல் வந்த 'வாம்பயர்'. அதில் பேச்சு மிகச் சொற்பம். பெர்லினில் பார்வையாளர்கள் கூச்சலிட்டு எள்ளினார்கள், படம் தோல்வியுற்றது. மனம் தளர்ந்த டிரையர் கோப்பன்ஹேகனுக்குத் திரும்பிப் பத்திரிகைப் பணியில் அமர்ந்து, நீதிமன்றச் செய்திகளை எழுதிவந்தார். அவருடைய அடுத்த முழுநீளப் படமாகிய 'கோபத்தின் நாள்' 1943-இல்தான் வெளிவந்தது. பதினோரு ஆண்டுகள்! அந்தக் காத்திருப்பை அவர் தேடிக்கொள்ளவில்லை. அது அவர்மேல் சுமத்தப்பட்டது.

ஆயினும் அது வீணாய்ப் போகவில்லை என்பதே என் எண்ணம். தோல்வியுற்ற அதே 1932-இல், காய் முங்க் என்னும் போதகர் எழுதிய 'ஆர்டெட்' நாடகத்தை டிரையர் மேடையில் கண்டார். டேனிய மொழியில் அத்தலைப்புக்கு 'வார்த்தை' என்பது பொருள். முங்க் 1944-இல் நாஜிகளால் கொல்லப்பட்டார். இருபத்துமூன்று ஆண்டுகள் சென்று, 1955-இல், டிரையர் அந்நாடகத்தைப் படமாக்கினார். வெனிஸ் விழாவில் அதற்குத் தங்கச் சிங்கம் கிடைத்தது.

அப்படத்தின் முடிவில், பிரசவத்தில் மரித்த இங்கர் சவப்பெட்டியில் கிடக்கிறாள். போதகரும் மருத்துவரும் குடும்பத்தாரும் சூழ நிற்கிறார்கள். அவளைத் திரும்பத் தரும்படி தேவனிடம் கேட்க அவர்களுள் ஒருவருக்கும் தோன்றவில்லை. பித்தன் என்று எண்ணப்பட்ட யோகானஸ், ஒரு சிறுமியின் கையைப் பற்றிக்கொண்டு, அதைக் கேட்கிறான். இங்கரின் விரல்கள் அசைகின்றன.

பேச்சே வேண்டாம் என்று அப்படம் போதிக்கவில்லை. அங்கே ஒரு சொல் தேவைப்பட்டது. ஆனால் ஆறுதல் மொழிகளின் நடுவே அதைச் சொல்வார் இல்லை. பேசாத முகத்தின் பாரத்தை அறிந்த கலைஞரால்தான் அச்சொல்லுக்கு இத்தனை எடை தர முடிந்தது என்று நம்புகிறேன்.

அந்தச் சவப்பெட்டியருகே நிற்கும் போதகரில் நான் என்னையே காண்கிறேன். துக்க வீடுகளில் நான் பேசியவற்றுள் பல, அழுகிறவர்களுக்காக அல்ல, என் சங்கடத்தை மறைப்பதற்காகவே பேசப்பட்டவை. யோபுவின் நண்பர்கள் ஏழு நாள் வாய் திறவாமல் அவனோடு தரையில் உட்கார்ந்திருந்தார்கள். பேசத் தொடங்கிய பின்புதான் தவறினார்கள்.

இவ்வாரம் நீங்கள் ஒரு துக்க வீட்டுக்குச் செல்ல நேர்ந்தால், முதலில் அருகே உட்காருங்கள். அவர்கள் முகத்தைப் பாருங்கள். சொல்ல வேண்டியது உண்டானால் அதை மட்டும் சொல்லுங்கள். நானும் அவ்வாறே செய்ய முயல்வேன்.