கூலி பெறாத கோப்பு

1990-களின் முற்பகுதியில் உலகெங்கும் மேசைக் கணினிகளை ஆண்ட விண்டோஸ் 3.1 மென்பொருளுக்கு, இணையத்தோடு சம்பாஷிக்கும் சக்தி இயல்பாக வாய்த்திருக்கவில்லை என்பதை இன்றைய வாலிபர்கள் எளிதில் நம்பமாட்டார்கள். அக்குறையைப் போக்கியோருள் முதன்மையானவர், ஆஸ்திரேலியாவின் டாஸ்மேனியத் தீவைச் சேர்ந்த பீட்டர் டாட்டம். அவர் ஆக்கிய ‘டிரம்பெட் வின்சாக்’கின் ஜீவநாடி, வின்சாக்.டிஎல்எல் என்னும் ஒரு கோப்பு. உலாவியோ மின்னஞ்சல் நிரலோ தனித்தனியே மோடத்தோடு மல்லுக்கட்டாமல், தான் நாடும் விலாசத்தை இக்கோப்பிடம் ஒப்புவித்துவிட்டால், செய்தியைத் துண்டாக்கி அனுப்புவதும், வழியில் தவறியதை மீண்டும் அனுப்புவதும், வந்து சேர்ந்தவற்றை வரிசைப்படுத்திக் கொடுப்பதுமாகிய சிரமம் யாவும் அதனுடையதாயிற்று.

சோதித்துப் பார்த்துப் பிடித்திருந்தால் பணம் அனுப்புக என்ற நிபந்தனையோடுதான் அதை அவர் வெளியிட்டார். இணைய சேவை நிறுவனங்களும் பத்திரிகைகளும் அதைத் தட்டுகளில் ஏற்றித் தாராளமாக வழங்கின. பிறர் பொருளில் தாராளம் காட்டுவது என்றுமே சுலபம்! உபயோகித்தோரில் மிகப்பலர் பணம் செலுத்தவில்லை. விண்டோஸ் 95 அவ்வசதியைத் தன்னுள்ளேயே கொண்டு வந்ததும் அவருடைய சந்தையும் ஒடுங்கிற்று.

இது பழங்கதையன்று. இணையத்தின் இரகசியங்களைக் காக்கும் ஓப்பன்எஸ்எஸ்எல் நூலகத்தில் 2014-இல் ‘ஹார்ட்பிளீட்’ என்ற பிழை வெளிப்பட்டபோதுதான், அதைப் பராமரித்தோர் விரல்விட்டு எண்ணத்தக்க சிலரே என்பதும், அவர்களுக்குக் கிட்டிய திரவியம் சொற்பமே என்பதும் தெரியவந்தன. இத்தகைய பொதுக் கோப்புகளின்மேல் வியாபாரம் நடத்தும் நிறுவனங்கள், தம் வருடாந்தர வரவுசெலவுத் திட்டத்தில் அவற்றின் பராமரிப்புக்கென ஒரு தொகையை இனியேனும் ஒதுக்கவேண்டும்.