தறியின் ஓசையை எங்கே ஒளிப்பது?

பிரியதர்ஷனின் 'காஞ்சிவரம்' 2007ஆம் ஆண்டின் சிறந்த திரைப்படத்துக்கான தேசிய விருதைப் பெற்றது. பிரகாஷ்ராஜ் சிறந்த நடிகரானார். அதற்கு இசையமைத்தவர் எம்.ஜி.ஸ்ரீகுமார் என்பது நம்மில் எத்தனை பேருக்கு நினைவிருக்கிறது? மலையாளத்தில் பின்னணிப் பாடகராகவே பெயர்பெற்றவர் அவர், பாடியதற்காக இருமுறை தேசிய விருதும் வாங்கியவர், இசையமைப்பாளர் எம்.ஜி.ராதாகிருஷ்ணனின் தம்பி. குரலால் வாழ்ந்த ஒருவர், நெசவாளர் ஊரொன்றின் கதைக்கு இசையமைக்க வந்தார். அங்கே குரலுக்கு முன்பே ஓர் ஓசை இருக்கிறது.

மகளின் திருமணத்துக்குப் பட்டுச்சேலை தருவதாக வாக்களித்த நெசவாளி, கூலிக்கு நெய்யும் இடத்திலிருந்து இழைகளை வாயில் அடக்கிக்கொண்டு வருகிறான். அவற்றைக் கொண்டு மறைவாக நெய்கிறான். இழையை வாயில் ஒளிக்கலாம். தறியின் ஓசையை எங்கே ஒளிப்பது? இக்கதையின் உண்மையான அச்சம் அந்த ஓசையில்தான் இருக்கிறது என்பது என் எண்ணம்.

காஞ்சிபுரத்துத் தறியின் ஓசை சீரான தாளம் அன்று. உடல் ஒரு நிறமும் கரை வேறு நிறமுமாக நெய்யும் கோர்வைச் சேலைக்கு மூன்று நாடாக்கள் வேண்டும். ஒவ்வொரு ஊடிலும் உடலின் இழையும் கரையின் இழையும் ஒன்றையொன்று கவ்வியாக வேண்டும். ஆகவே மிதி அழுந்துகிறது, நாடா போகிறது, கை தயங்குகிறது, பிறகே அச்சு வந்து ஊடை இறுக்குகிறது. விசைத்தறியின் இரைச்சலில் இந்தத் தயக்கம் கிடையாது. நெசவுக் காட்சி என்றதும் தபேலாவையும் புல்லாங்குழலையும் கொண்டுவந்து கொட்டுகிற நம் திரையிசை மரபு முதலில் அழிப்பது இந்தத் தயக்கத்தைத்தான். (சலங்கை கட்டாத தறியை நம்மவர்கள் காட்டியதுண்டா?)

எங்கே இசை விலகி ஓசைக்கு வழிவிட வேண்டும் என்பது இசையமைப்பாளர் தனியே முடிவுசெய்யும் காரியமும் அல்ல. ஒலியைக் கலப்பவருக்கும் அதில் சரிபாதிப் பங்குண்டு. நாமோ அவர்களை அறிந்துகொள்ளக்கூட முயன்றதில்லை. எச்.ஸ்ரீதரை எடுத்துக்கொள்வோம். 'மகாநதி', 'தில் சே', 'லகான்', 'கன்னத்தில் முத்தமிட்டால்' ஆகிய நான்கு படங்களுக்கு ஒலிப்பதிவுக்கான தேசிய விருதில் அவர் பெயர் உண்டு. ஏ.ஆர்.ரஹ்மானின் பாடல்களில் நாம் துல்லியம் என்று வியந்ததில் பெரும்பங்கு அவருடைய செவியுடையது. ஆனாலும் ராகம் ராகமாகப் பிரித்து எழுதும் நம் விமர்சகர்கள் அவரைப் பற்றி ஒரு பத்திகூட எழுதக் காணோம். 2008 டிசம்பர் 1 அன்று அவர் காலமானார். மூன்று மாதம் முடியுமுன் ரசூல் பூக்குட்டி ஆஸ்கார் மேடையில் நின்றபோதுதான், ஒலிக்கலவை என்றொரு கலை இருப்பதே நம் பத்திரிகைகளுக்குச் செய்தியாயிற்று.

'காஞ்சிவரம்' படத்தை மறுபடி பார்க்கும் நண்பர்கள், தறி வரும் காட்சிகளில் ஒருமுறை கண்ணை மூடிக்கொண்டு கேட்டுவிட்டு எழுதட்டும். ஸ்ரீகுமார் எங்கே விலகி நிற்கிறார், எங்கே விலக மறுக்கிறார் என்று அப்போது பேசலாம்.