கருவறை முதல் வகுப்பறை வரை: ஆளுநர் ராபர்ட் கேசி

அரசியலும் விசுவாசமும் ஒரே மனிதரில் சேர்ந்து வாழ முடியுமா? இந்தக் கேள்வி எழும்போதெல்லாம் நினைவுக்கு வருபவர், அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலத்தில் 1987 முதல் 1995 வரை ஆளுநராக இருந்த ராபர்ட் கேசி. அந்நாட்டில் மாநில ஆளுநர் என்பவர் மக்களால் நேரடியாகத் தேர்ந்தெடுக்கப்படுபவர். நம் ஊர் முதலமைச்சரைப் போன்றவர்.

1932இல் பிறந்த கேசியின் தந்தை, சிறுவயதிலேயே நிலக்கரிச் சுரங்கத்தில் வேலைக்குச் சென்று, பின்னர் சட்டம் படித்து வழக்கறிஞரானவர். மகனும் இயேசு சபையினரின் ஹோலி கிராஸ் கல்லூரியில் பயின்று, வழக்கறிஞராகி, மாநில செனட் உறுப்பினராகவும் தலைமைத் தணிக்கையாளராகவும் பணியாற்றினார். ஆளுநர் வேட்பாளராகும் போட்டியில் 1966, 1970, 1978 என மூன்று முறை சொந்தக் கட்சிக்குள்ளேயே தோற்றார். ஆயினும் மனம் தளராமல், 1986இல் நான்காம் முறை முயன்று வென்றார்.

கேசி ஜனநாயகக் கட்சிக்காரர். தொழிலாளர், ஏழைகள் பக்கம் நிற்பதாகச் சொல்லும் அக்கட்சி, கருக்கலைப்பு உரிமையையும் ஆதரித்தது. பிறவாத குழந்தையும் பாதுகாப்பற்ற ஏழைகளில் ஒருவரே என்பது கேசியின் உறுதியான நிலைப்பாடு. எனவே கருக்கலைப்பைக் கட்டுப்படுத்தும் சட்டங்களில் கையெழுத்திட்டார். அதே கையால், 1992இல் ஏழைத் தொழிலாளர் குடும்பங்களின் குழந்தைகளுக்கு மருத்துவக் காப்பீடு வழங்கும் சட்டத்திலும் கையெழுத்திட்டார். 1997இல் நாடு முழுவதற்குமான குழந்தைகள் காப்பீட்டுத் திட்டம் உருவானபோது, பென்சில்வேனியா அதற்கு ஒரு முன்மாதிரியாக இருந்தது.

இதற்கு அவர் கொடுத்த விலை சிறிதல்ல. 1992 கட்சி மாநாட்டில் பேச அவருக்கு அனுமதி மறுக்கப்பட்டது. கிளிண்டனை அவர் ஆதரிக்காததே காரணம் என்றது கட்சித் தரப்பு. உயிருக்காகக் குரல் கொடுத்ததே காரணம் என்றார் கேசி.

அதே ஆண்டு ஜூனில் வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பு மற்றொரு முரண். மாநிலச் சட்டத்தின் பெரும்பாலான கட்டுப்பாடுகளை ஏற்ற நீதிமன்றம், கருக்கலைப்பு உரிமையின் அடிப்படையை மீண்டும் உறுதிசெய்தது. வழக்கில் எதிர்வாதி ஆளுநர் என்பதால், அந்தத் தீர்ப்புக்கு அவர் பெயரே நிலைத்தது! எதை வாழ்நாளெல்லாம் எதிர்த்தாரோ, அதைக் காத்த தீர்ப்பு அவர் பெயரைத் தாங்கி 30 ஆண்டுகள் நின்றது. 2022 ஜூனில்தான் உச்ச நீதிமன்றம் அதை நீக்கியது. 2000ஆம் ஆண்டு மே மாதத்திலேயே இறந்துவிட்ட கேசி அதைக் காணவில்லை.

அரியதொரு நோய் அவர் உடலைத் தாக்கியது. வன்முறைத் தாக்குதலில் உயிரிழந்த ஓர் இளைஞரின் இதயமும் கல்லீரலும் 1993இல் அவருக்குப் பொருத்தப்பட்டன. முன்பின் அறியாத ஒரு குடும்பம் தன் துயரத்தின் நடுவே தந்த கொடை அது. அதன்பின் 1994இல் உறுப்பு தானத்தை ஊக்குவிக்கும் சட்டத்தில் அவர் கையெழுத்திட்டார். பெற்ற உயிரை மற்றவருக்கும் வழியாக்கினார்.

குறையற்றவர் அல்ல கேசி. மரண தண்டனை ஆணைகளிலும் அவர் கையெழுத்திட்டார். மரண தண்டனை ஏற்கத்தக்கதல்ல என்று 2018இல் மறைக்கல்வி நூல் திருத்தப்பட்டிருக்கும் இன்று, இதை நாம் மறைக்க வேண்டியதில்லை. உயிரின் மாண்பை முழுமையாகக் காண்பது நல்லவர்களுக்கும் எளிதல்ல.

2022 தீர்ப்புக்குப் பின் அங்கே முடிவுகள் மாநிலங்களின் கைக்கு வந்துள்ளன. தடைச் சட்டம் போதும் என்பார் சிலர். உதவித் திட்டம் போதும் என்பார் சிலர். கருவிலுள்ள குழந்தையைக் காப்பவர், பிறந்தபின் அதன் மருந்துச் செலவையும் நினைக்க வேண்டும் என்பதே கேசியின் வாழ்வு சொல்லும் பாடம்.

அன்பார்ந்தவர்களே, நம் பங்கில் கருவுற்றுத் தனித்து நிற்கும் ஒரு பெண்ணுக்கு நாம் தருவது அறிவுரை மட்டுமா, ஆதரவுமா?