பனியில் விழுந்த நிழல்



அக்கரப்பத்தனையிலிருந்து ஒரு பாடசாலை மாணவி கடிதம் எழுதியிருக்கிறாள். பொழுது விடிந்ததும் லயத்துக்கு மேலேயுள்ள தேயிலை மலையில் ஏறியிருக்கிறாள். முதுகுப் பக்கம் இளவெயில். கீழே ஆக்ரா ஓயா ஓடும் பள்ளம் முழுக்கப் பனிமூட்டம். அதில் அவள் நிழல் நீண்டு கிடக்க, நிழலின் தலையைச் சுற்றி வானவில் நிறத்தில் ஒரு வட்டம்! கையை ஆட்டினால் நிழலும் ஆட்டுகிறது. வட்டம் மட்டும் தலையை விட்டு அசையவில்லை. வீட்டில் சொன்னதும் அம்மாயி திருநீறு பூசி, "இனி அந்தப் பக்கம் தனியாப் போகாத" என்று சொல்லிவிட்டாராம். "இது பேயா, சாமியா?" என்பது அவள் கேள்வி.

இரண்டும் இல்லை, மகளே. பனிமூட்டம் என்பது மிதக்கும் நுண்ணிய நீர்த்துளிகளின் கூட்டம். அந்தத் துளிகள் வெயிலில் ஒரு பங்கை வந்த வழியே திருப்பி அனுப்புகின்றன. திரும்பும் ஒளியலைகள் ஒன்றோடொன்று கூடியும் குறைந்தும் நிறங்களாகப் பிரிகின்றன. சிவப்பு வெளி ஓரத்தில், நீலம் உள்ளே. துளி சிறுக்கச் சிறுக்க வட்டம் பெருக்கும். சூரியனுக்கு நேர் எதிரே உள்ள புள்ளிதான் வட்டத்தின் நடு. நம் கண்ணுக்கு அந்த இடத்தில் விழுவது நம்முடைய தலை நிழல். ஆகவே பக்கத்தில் நிற்பவரின் வட்டம் நமக்குத் தெரியாது. நம்முடையது அவருக்குத் தெரியாது.

பூமியின் வடிவத்தை அளக்க 1735இல் தென் அமெரிக்காவுக்குப் புறப்பட்ட குழுவில் பூகேர் என்ற பிரெஞ்சுக்காரரும் உல்லோவா என்ற ஸ்பானியரும் இருந்தார்கள். அந்தீஸ் மலையில் அவர்களும் இதைக் கண்டார்கள். ஆளுக்கொரு வட்டம், அவரவர் தலைக்கு மட்டும் என்று குறித்தும் வைத்தார்கள். ஜெர்மனியின் புரோக்கன் மலையில் அடிக்கடி தென்படுவதால், பனிமூட்டத்தில் இப்படி விழும் பெரிய நிழலுக்கு 'புரோக்கன் பூதம்' என்ற பெயரும் வந்தது.

1894 செப்டெம்பரில் ஸ்கொட்லாந்தின் பென் நெவிஸ் மலையுச்சி வானிலை நிலையத்தில் சில நாள் வேலை பார்த்த வில்சன் என்ற இளைஞர், இந்த வட்டங்களில் மயங்கிப்போனார். ஆய்வுகூடத்திலேயே மேகம் உண்டாக்கிப் பார்க்க வேண்டும் என்று தொடங்கினார். அந்த முயற்சி கடைசியில் 'முகில் அறை' என்ற கருவியாயிற்று. கண்ணால் பார்க்கவே முடியாத அணுத்துகள்கள் போன தடத்தை அது காட்டித் தந்தது. 1927இல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது.

நம் பக்கத்துக் கதைக்கு வருவோம். மார்கழிப் பௌர்ணமி முதல் வெசாக் வரை சிவனொளிபாத மலை சீசன். நல்லதண்ணியில் இறங்கி, கூதலில் நடுங்கியபடி இரவெல்லாம் படியேறி, 2,243 மீட்டர் உயரத்தில் சூரியோதயம் பார்த்துக் கும்பிடுகிறோம். கும்பிட்டு முடித்து மேற்கே திரும்பினால், மலையின் முக்கோண நிழல் விரிந்து கிடக்கும். சில நாள் அது எழுந்து எதிரே நிற்பதுபோலவும் தோன்றும். 1880களில் இதைப் பார்க்க ஏறிய பிரித்தானிய வானிலையாளர் ரால்ஃப் அபர்குரோம்பி, இது கானல் போன்ற மாயத்தோற்றம் அல்ல, பள்ளத்திலிருந்து கிளம்பும் பனியின் மேல் நிழல் விழுவதால் வருவது என்று எழுதினார். நிழலுச்சியை வளைத்து நின்ற நிறவில்லையும் அவர் விட்டுவிடவில்லை.

எனக்கு உறுத்துவது இந்த இடம்தான். அபர்குரோம்பி வந்து போன விருந்தாளி. தோட்ட வேலைக்கு நம்மவர் இந்த மலைகளுக்கு வந்து இருநூறு ஆண்டுகள் ஆகின்றன. இருட்டோடு எழுந்து, படங்கைக் கட்டி, கூடையை மாட்டிக்கொண்டு பெரட்டுக்கு ஓடியவர்கள், அவர் கண்டதைவிட எத்தனை மடங்கு கண்டிருப்பார்கள்! நின்று பார்க்க நேரம் இருந்ததில்லை. பார்த்ததை எழுதச் சொல்லி யாரும் கேட்டதுமில்லை. அதனால் மலை நம்முடையதாக இருந்தும் குறிப்பு அவருடையதாகிவிட்டது.

அம்மாயியைக் கோபித்துக்கொள்ளாதே, மகளே. சிறுத்தை நடமாடும் மலையில், வழி தெரியாத மூட்டத்தில் தனியாகப் போகாதே என்றால் அது நல்ல புத்தி. அடுத்த முறை அவரையும் கூட்டிக்கொண்டு போ. வெயில் முதுகில், மூட்டம் எதிரே கீழே. சரிவின் விளிம்புக்கு மட்டும் போக வேண்டாம். அவர் தலைக்கும் ஒரு வட்டம் இருப்பதை அவரே பார்க்கட்டும்.

மற்ற வாசகர்களுக்கும் இதே வேண்டுகோள். டயகம, ஹோல்புரூக், மஸ்கெலியா, எங்கிருந்தாலும் எழுதுங்கள். வேலைக்கு மத்திய கிழக்குக்குப் பறந்த சகோதரிகளே, விமான ஜன்னலில் முகில் மேல் ஓடும் விமான நிழலைச் சுற்றி இதே வட்டத்தைக் கண்டிருந்தால் நீங்களும் எழுதுங்கள். எந்த மாதம், எத்தனை மணி, எந்த மலை, வீட்டுப் பெரியவர்கள் என்ன சொன்னார்கள் என்பதையும் சேருங்கள். எழுத்துப் பிழை வந்துவிடுமோ என்று தயங்க வேண்டாம். அதைத் திருத்தத்தானே நாங்கள் இருக்கிறோம்!

அன்புடன்,
ஆசிரியர்