யாருடைய முழம்?



சென்ற மாதம் ஒருநாள், மயிலாப்பூர் கச்சேரி சாலைப் பள்ளிவாசலில் அஸர் தொழுதுவிட்டு, எங்கள் மதரஸா மாணவர் ஒருவருடன் மாட வீதி வழியே நடந்துகொண்டிருந்தேன். வீட்டிற்கு மல்லிகை வாங்க வேண்டியிருந்தது. பூக்கார அம்மாள் சரத்தை விரல் நுனியில் பிடித்து முழங்கை வரை இழுத்து இருமுறை அளந்தார். அதற்கும் அப்பால் நான்கு விரற்கடை தள்ளியே நாரை அறுத்தார். மாணவர் என் காதருகே மெல்லக் கேட்டார்: "ஹஜ்ரத், இது யாருடைய முழம்? அந்த அம்மாவின் கை குட்டையாக இருக்கிறதே!"

சிரித்துவிட்டேன். ஆனால் இரவு வரை அந்தக் கேள்வி என்னை விடவில்லை.

நம் நாட்டுக் கணக்கில் 12 விரல் ஒரு சாண். 2 சாண் ஒரு முழம். ஆக, முழம் என்பது 24 விரல். ஃபிக்ஹு நூல்களைத் திறந்து பாருங்கள். அங்கே 'திராஃ' எனப்படும் முழமும் 24 விரல்தான்! விரலின் அகலத்தை இங்கே 8 நெல்லால் கணித்தார்கள். அங்கே பக்கம் பக்கமாக அடுக்கிய 6 வாற்கோதுமை மணிகளால் கணித்தார்கள். கடல் கடந்த இரு நாட்டாரும் ஒரே முழத்தில் வந்து நிற்பது எனக்கு வியப்பாகவே இருக்கிறது. எனினும் மணிக்கு மணி பருமன் வேறுபடும் அல்லவா?

இதனை வெறும் ஏட்டுக் கணக்கு என்று எண்ணிவிடாதீர்கள். உங்கள் தொழுகையோடு தொடர்புடையது இது. பயணத்தில் தொழுகையைச் சுருக்கித் தொழுவதற்கு நம் இமாம்களில் பலர் கூறிய தூரம் 4 பரீத். அதாவது 16 ஃபர்ஸக். அதாவது 48 மைல். அந்த மைலுக்கு எத்தனை முழம்? 4,000 என்பார் உண்டு. இமாம் நவவி (ரஹ்) அவர்கள் 6,000 என்று எழுதுகிறார்கள். முழத்தை 18 அங்குலமாக வைத்துப் பெருக்கினால், முதற் கணக்கில் ஏறத்தாழ 88 கிலோமீட்டர். இரண்டாவதில் ஏறத்தாழ 132. ஆங்கில மைலையே வைத்துக்கொண்டால் 77 கிலோமீட்டர்தான். தியாகராய நகரிலிருந்து மேல்விஷாரத்துக்குத் திருமணத்திற்குச் செல்பவர், ஒரு கணக்கில் முஸாஃபிர். மற்றொரு கணக்கில் அல்லர்! (உங்கள் மத்ஹபின் ஆலிம்கள் கூறும் தூரத்தையே பின்பற்றுங்கள், என் பெருக்கலை வைத்து யாரும் ஃபத்வா கொடுத்துவிட வேண்டாம்.)

அளவில் ஐயம் வந்தபோது பூமியையே அளக்கப் புறப்பட்டவர்களும் நம்மில் இருந்தார்கள். 813 முதல் 833 வரை ஆண்ட கலீஃபா மஃமூன், இராக்கின் சிஞ்சார் சமவெளிக்கு வானியல் அறிஞர்களை அனுப்பினார். துருவ விண்மீனின் உயரம் ஒரு பாகை மாறும்வரை ஒரு சாரார் வடக்கேயும் ஒரு சாரார் தெற்கேயும் கயிறு பிடித்து அளந்துகொண்டே சென்றார்கள். ஒரு பாகைக்கு ஐம்பத்தாறே முக்கால் மைலுக்குச் சற்றுக் குறைவு என்பது அவர்கள் கண்ட முடிவுகளில் ஒன்று.

ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகளுக்குப் பின் அதே வேலை நம் ஊரிலும் நடந்தது. அடையாற்றுக்கு மேற்கே பரங்கிமலை இருக்கிறதல்லவா? 1802 ஏப்ரல் 10ஆம் நாள், வில்லியம் லாம்டன் என்னும் ஆங்கிலேய அதிகாரி அம்மலையருகே 100 அடி எஃகுச் சங்கிலியைக் கிடத்தி அளக்கத் தொடங்கினார். ஏழரை மைல் நீளமுள்ள ஒரே கோடு. இந்தியாவின் பெரும் நிலஅளவைக்கு அடித்தளமான கோடு அது. சென்னையின் சித்திரை வெயிலில் எஃகு நீளும் என்பதை அவர் அறிந்திருந்தார். எனவே சங்கிலியை மரத் தொட்டிகளில் கிடத்தி, வெப்பமானி வைத்துப் பார்த்து, கூடிய நீளத்தையும் கணக்கில் சேர்த்தார். சங்கிலி தொய்யவும் கூடாது. மிகையாக இழுபடவும் கூடாது. ஓர் அந்நிய அரசின் ஊழியர் வெற்று நிலத்தின்மீது காட்டிய நேர்மை இது!

நம் கடைவீதிக்கு வருவோம். 1956ஆம் ஆண்டுச் சட்டம் நாட்டுக்கு மெட்ரிக் அளவைக் கொண்டுவந்தது. முழத்திற்கும் கெஜத்திற்கும் இன்று சட்டத்தில் இடமில்லை. துணிக்கடையின் மீட்டர் கோலை அரசு அதிகாரிகள் சரிபார்த்து முத்திரையிடுகிறார்கள். முத்திரை இருந்தால் போதும், ஏமாற்றம் இல்லை என்றுதான் நானும் நம்பியிருந்தேன்.

சில ஆண்டுகளுக்கு முன் எங்கள் தெருவில் ஒருவர் இரவில் மௌத்தானார். நல்ல உயரமான மனிதர். கடை அடைக்கும் நேரத்தில் ஓடிச் சென்று கபனுக்குப் பத்து மீட்டர் வெள்ளைத் துணி வாங்கி வந்தவன் நான்தான். கடையின் பெயர் வேண்டாம். கோலில் முத்திரை இருந்தது. என் கண்ணாலேயே பார்த்தேன். ஆனால் அளந்தவர் ஒவ்வொரு மீட்டருக்கும் துணியை விறைக்க இழுத்துப் பிடித்தார். மீட்டருக்கு ஒரு விரல். அவசரத்தில் எனக்கு அது உறைக்கவில்லை.

குளிப்பாட்டி முடித்து, மூன்று துண்டுகளாகக் கிழித்து விரித்தபோது மூன்றாவது துண்டு காலடியில் ஏறத்தாழ ஒரு சாண் குறைந்தது. நள்ளிரவு. எங்கே போய் வாங்குவது? உஹதுப் போரில் ஷஹீதான முஸ்அப் இப்னு உமைர் (ரலி) அவர்களின் நினைவுதான் எனக்கு வந்தது. அவர்களுடைய போர்வையால் தலையை மூடினால் கால் தெரிந்தது. காலை மூடினால் தலை தெரிந்தது. தலையை மூடிக் கால்களின்மீது இத்கிர் புல்லை வைக்குமாறு நபி (ஸல்) அவர்கள் பணித்தார்கள். அங்கே குறைவு ஏழ்மையால் வந்தது. எங்களிடம் துணிக்குக் கொடுக்கக் காசு இருந்தது, கொடுத்தும் விட்டோம். அளவில் குறைப்போரின் பெயரையே தலைப்பாகத் தாங்கி நிற்கும் 83ஆம் அத்தியாயத்தைப் பிள்ளைகளுக்கு எத்தனை முறை ஓதிக் கொடுத்திருப்பேன்! அன்றிரவு அந்த ஒரு சாணைப் பார்த்துக்கொண்டு நின்றபோதுதான் அதன் கனம் தெரிந்தது.

பக்கத்து வீட்டுப் பெரியவர் ஒருவர் ஒன்றும் பேசாமல் எழுந்து போனார். ஹஜ்ஜுக்குச் சென்றபோது தமக்கென ஜம்ஜம் நீரில் நனைத்து, உலர்த்திக் கொண்டுவந்திருந்த கபன் துணியைப் பெட்டியிலிருந்து எடுத்து வந்து என் கையில் வைத்தார்.

"எனக்கு வேறே வாங்கிக்கலாம் ஹஜ்ரத். அப்போ மட்டும் துணியை இழுக்காம அளக்கச் சொல்லுங்க" என்றார்.