ஒவ்வொரு பெட்டிக்கும் ஒரு யூஸ்ஸ்டேட் வேண்டுமா?



சாதாரண தரம் எழுதிவிட்டு வெப் டெவலப்மென்ட் படிக்கும் பிள்ளைகள் நம் ஊர்களில் கூடி வருகிறார்கள், அல்ஹம்துலில்லாஹ். ஸகாத் விண்ணப்பம், மத்ரஸா அனுமதி என்று ஊருக்குத் தேவையான ஒன்லைன் படிவங்களையும் இவர்களிடமே ஒப்படைக்கிறோம். அதனால் இவர்கள் ரியாக்டில் போம் செய்யும் விதத்தைப் பற்றி நாம் பேசத்தான் வேண்டும்.

பெயர், முகவரி, தொலைபேசி என்று பத்துப் பெட்டி இருந்தால், தட்டும் ஒவ்வொரு எழுத்தையும் நினைவில் வைக்கப் பத்து யூஸ்ஸ்டேட், பத்து ஒன்சேஞ்ச். ஏன் என்று கேட்டால், "வீடியோல அப்படித்தான் செஞ்சாங்க சேர்" என்கிறார்கள். இத்தனைக்கும் தட்டியதை பிரவுசரே அந்தப் பெட்டிக்குள் வைத்திருக்கிறது. ஒவ்வொரு இன்புட்டுக்கும் நேம் கொடுத்திருந்தால் போதும். அனுப்பும் பட்டனை அழுத்தும்போது ஃபோம்டேட்டா மூலம் எல்லாவற்றையும் ஒரே தடவையில் எடுக்கலாம். இந்த நேம் விஷயம் உயர்தர ஐசிடியில் நாம் படிப்பிப்பதுதான். பிள்ளைகள் அதைப் பரீட்சையோடு மூட்டை கட்டிவிடுகிறார்கள். ஆனால் 2024 டிசம்பரில் வந்த ரியாக்ட் 19 கூட, போமின் எக்ஷனுக்கு ஒரு ஃபங்ஷன் கொடுத்தால், அதன் கையில் ஃபோம்டேட்டாவைத்தான் தருகிறது.

ஸ்டேட்டே வேண்டாம் என்று சொல்லவில்லை. மாவட்டத்தைத் தெரிவு செய்ததும் பிரதேச செயலகப் பட்டியல் மாற வேண்டுமென்றால் அங்கே அது தேவை.

எந்த வழியில் எடுத்தாலும், தட்டியது எழுத்தாகத்தான் வரும், எண்ணாக அல்ல. பெரியவர்கள் 2, பிள்ளைகள் 3 என்பதை அப்படியே கூட்டினால் குடும்பத்தில் 23 பேர்! அதற்குப் பயந்து எல்லாவற்றையும் நம்பராக மாற்றினால் 077 இன் முதல் பூச்சியம் போய்விடும். பழைய அடையாள அட்டை இலக்கத்தின் கடைசியில் வி அல்லது எக்ஸ் இருப்பதால் அது இலக்கமாகவே மாறாது. நம் முதியவர்களில் பலரிடம் இருப்பது அந்த அட்டைதான். உதவி கேட்டு விண்ணப்பித்த ஒரு விதவைத் தாயின் விபரம் இப்படிக் கெட்டுப்போனால், ஸகாத் குழு அவரை எப்படித் தேடிப் பிடிப்பது? (டிக் போடாத செக்பொக்ஸ் ஃபோம்டேட்டாவில் வரவே வராது. அதையும் பலர் கவனிப்பதில்லை.)

ஊரில் வகுப்பு நடத்தும் சகோதரர்களிடம் நாம் கேட்பது இதுதான்: முதல் வாரம் ரியாக்டைத் தொடாமல் வெறும் எச்டிஎம்எல்லில் ஒரு ஸகாத் படிவம் செய்ய வையுங்கள். பழைய அடையாள அட்டை உள்ள ஒரு வாப்பும்மாவின் விபரத்தை அதில் நிரப்பி, மறுபக்கம் என்ன வந்து சேர்கிறது என்று பிள்ளைகளையே பார்க்கச் சொல்லுங்கள்.